கேஜ் கேட்காதீர்கள், மில்லிமீட்டர் கேளுங்கள்

(நம் டிரஸ்ட்டின் குடும்ப நல வழிகாட்டல் கூட்டத்தில், இரும்புப் பட்டறைத் தொழில் செய்யும் சகோதரர்கள் சார்பில் நிகழ்த்தப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)

 

இந்த மேடையில் மருத்துவர்கள் பேசியிருக்கிறார்கள், வழக்கறிஞர்கள் பேசியிருக்கிறார்கள். இன்று வெல்டிங் பட்டறைக்காரர்களாகிய எங்களைப் பேச அழைத்திருக்கிறீர்கள். எங்களுக்குத் தெரிந்தது இரும்பு. அதனால் இரும்பைப் பற்றியே பேசுகிறோம். குறிப்பாக, இரும்புத் தகட்டின் தடிமனைப் பற்றியும், அதற்கு நாம் சொல்லும் ‘கேஜ்’ என்ற சொல்லைப் பற்றியும்.

இதில் குடும்பப் பெண்களுக்கு என்ன இருக்கிறது என்று நினைக்க வேண்டாம். ஒரு வீட்டில் இரும்புக்காக எவ்வளவு பணம் போகிறது என்று எண்ணிப் பாருங்கள். வாசல் கேட், ஜன்னல் கிரில், மாடிப்படிக் கைப்பிடி, பீரோ, கட்டில், மொட்டை மாடியில் போடும் கூரைத் தகடு, கடை வைத்திருந்தால் ஷட்டர். வெளிநாட்டில் இருந்து மகனோ கணவரோ அனுப்பிய பணம், நகையை அடகு வைத்த பணம், சீட்டுப் பணம் என்று எல்லாம் சேர்ந்துதான் இந்தச் சாமான்களாகின்றன. வாங்கும்போது நிறம் பார்க்கிறோம், டிசைன் பார்க்கிறோம், கண்ணாடி பார்க்கிறோம், ஐநூறு ரூபாய்க்குப் பேரம் பேசுகிறோம். உள்ளே இருக்கும் தகடு எவ்வளவு தடிமன் என்று மட்டும் கேட்பதில்லை. கேட்டாலும், “இருபது கேஜ் பாய், நல்ல கனம்” என்ற பதிலோடு அது முடிந்துவிடுகிறது. அந்த ‘இருபது கேஜ்’ என்றால் என்ன என்பதுதான் இன்றைய பேச்சு.

கேஜ் என்றால் என்ன?

கேஜ் என்பது அடி, அங்குலம், கிலோ போன்ற ஓர் அளவு கிடையாது. அது ஒரு வரிசை எண். பள்ளிக்கூடத்தில் பிள்ளைக்கு இருக்கும் ரோல் நம்பரைப் போன்றது. எண்ணைச் சொன்னால் போதாது, எந்தப் பள்ளி, எந்த வகுப்பு என்று தெரிந்தால்தான் பிள்ளையைக் கண்டுபிடிக்க முடியும்.

முதலில் நினைவில் வைக்க வேண்டியது, கேஜ் எண் கூடக் கூடத் தகடு மெலியும். 16 கேஜ் தடித்தது. 18 கேஜ் அதைவிட மெல்லியது. 20, 22, 24 என்று போகப் போக இன்னும் மெலிந்துகொண்டே போகும். சிலர் “18 எதுக்கு, 22 கேஜே போடுங்க, காசு கூட ஆனாலும் பரவாயில்லை” என்று சொல்வதுண்டு. எண் பெரிதாக இருந்தால் தரமும் பெரிதாக இருக்கும் என்ற நினைப்பு. நல்லதைக் கேட்பதாக நினைத்து, மெல்லிய தகட்டைத் தாமே கேட்டு வாங்கிக்கொள்கிறார்கள்.

எண் ஏன் தலைகீழாகப் போகிறது? இந்த எண்கள் கம்பி இழுக்கும் தொழிலில் இருந்து வந்தவை. தடித்த கம்பியை ஒரு துளை வழியாக இழுத்தால் சற்று மெலியும். அடுத்த, இன்னும் சிறிய துளை வழியாக இழுத்தால் மேலும் மெலியும். எத்தனை முறை இழுத்தார்களோ அந்த எண்ணிக்கையை ஒட்டியே கம்பிக்கு எண் வைத்தார்கள். அதிக முறை இழுத்த கம்பிக்குப் பெரிய எண், குறைந்த தடிமன். பிறகு அதே வழக்கம் தகட்டுக்கும் வந்தது.

ஒவ்வோர் ஊர்ப் பட்டறையிலும் ஒவ்வொரு மாதிரி எண் வைத்ததால் குழப்பம் உண்டானது. பிரிட்டனில் 1884ஆம் ஆண்டு ஒரு பொதுப் பட்டியலைச் சட்டபூர்வமாக்கினார்கள். நம் ஊரில் ‘எஸ்.டபிள்யூ.ஜி.’ என்று சொல்வது அதைத்தான். அமெரிக்காவில் 1893ஆம் ஆண்டு சட்டம் போட்டு வேறொரு பட்டியல் வைத்தார்கள். அந்த அமெரிக்கப் பட்டியலில் ஒரு விசேஷம் உண்டு. அதை எடையை வைத்தே அமைத்தார்கள். ஒரு சதுர அடி இரும்புத் தகடு 2 பவுண்டு இருந்தால் 18 கேஜ், ஒன்றரை பவுண்டு இருந்தால் 20 கேஜ், 1 பவுண்டு இருந்தால் 24 கேஜ். அந்த எண்ணுக்கு அடியில் இருப்பது எடைதான். இதை நினைவில் வையுங்கள், பின்னால் நமக்குப் பயன்படும்.

ஒரே எண், நான்கு தடிமன்

இப்போது சிக்கலைப் பாருங்கள். ‘20 கேஜ்’ என்று மட்டும் சொன்னால், அமெரிக்க வழக்கப்படி இவ்வளவு அர்த்தம் வரும்:

சாதாரண இரும்புத் தகடு: 0.91 மி.மீ.
எவர்சில்வர் தகடு: 0.95 மி.மீ.
துத்தநாகம் பூசிய ஜி.ஐ. தகடு: 1.01 மி.மீ.
அலுமினியத் தகடு: 0.81 மி.மீ.

எண் ஒன்றுதான். தடிமன் நான்கு. இதில் யாரும் பொய் சொல்லவில்லை, பட்டியல்கள் வேறு வேறு, அவ்வளவுதான். 24 கேஜ் ஜி.ஐ. தகடு அமெரிக்கப் பட்டியலில் 0.70 மி.மீ. பிரிட்டிஷ் எஸ்.டபிள்யூ.ஜி. பட்டியலில் 24 என்றால் 0.56 மி.மீ. ஐந்தில் ஒரு பங்கு இரும்பு வித்தியாசம்.

இப்படிப் பல அர்த்தம் உள்ள ஒரு சொல் வியாபாரத்தில் புழங்கும்போது, நேர்மையானவருக்கும் அது சங்கடம், நேர்மையற்றவருக்கு வசதி. 0.9 மி.மீ. என்று எழுதிக்கொடுத்துவிட்டு 0.8 போட்டால் மாட்டிக்கொள்ளலாம். ‘20 கேஜ்’ என்று சொல்லிவிட்டு 0.8 போட்டால், “எங்க லைன்ல இதைத்தான் இருபதும்பாங்க” என்று சொல்லித் தப்பிக்கலாம்.

நம் நாட்டில் மெட்ரிக் முறைக்கான சட்டம் 1956லேயே வந்துவிட்டது. இப்போது நடைமுறையில் இருக்கும் 2009ஆம் ஆண்டின் சட்டமுறை எடையளவுச் சட்டம், விலை சொல்வதும் பில் போடுவதும் சட்டம் ஏற்ற அலகுகளில்தான் இருக்க வேண்டும் என்கிறது. தடிமனுக்கு அந்த அலகு மில்லிமீட்டர். ஆகவே “கேஜ் வேண்டாம், மில்லிமீட்டரில் எழுதிக் கொடுங்கள்” என்று கேட்பது வம்பு பிடிப்பதாகாது. அது உங்கள் உரிமை.

உங்கள் கைக்கு உதவியாக, சாதாரண இரும்புத் தகட்டுக்கு எஸ்.டபிள்யூ.ஜி. பட்டியல் சொல்லும் தடிமன் இது:

14 கேஜ்: 2.03 மி.மீ.
16 கேஜ்: 1.63 மி.மீ.
18 கேஜ்: 1.22 மி.மீ.
20 கேஜ்: 0.91 மி.மீ.
22 கேஜ்: 0.71 மி.மீ.
24 கேஜ்: 0.56 மி.மீ.

கடையில் பேசும்போது 2, 1.6, 1.2, 0.9, 0.7 என்று நினைவில் வைத்துக்கொண்டால் போதும்.

கால் பங்கு குறைந்தால் பாதிக்கு மேல் போகும்

“0.9க்கும் 1.2க்கும் என்ன பெரிய வித்தியாசம்? ஒரு முடி அளவுதானே?” என்று கேட்கலாம். நியாயமான கேள்வி.

தகட்டின் விறைப்பு, அதாவது அழுத்தினால் வளையாமல் நிற்கும் வலு, தடிமனைப் போல ஒரு மடங்காக ஏறி இறங்குவதில்லை. மும்மடிப் பெருக்கமாக ஏறி இறங்குகிறது. தடிமன் இரண்டு மடங்கானால் விறைப்பு எட்டு மடங்காகும். அதேபோல், 1.2 மி.மீ. போட வேண்டிய இடத்தில் 0.9 போட்டால் தடிமன் கால் பங்குதான் குறைகிறது, ஆனால் விறைப்பில் பாதிக்கு மேல் போய்விடுகிறது. கணக்குப் போட்டால் 100க்கு 42தான் மிஞ்சும். பீரோக் கதவைத் திறந்தால் ‘டொப்’ என்று அதிர்வதும், கேட் தகட்டில் பிள்ளைகள் பந்து அடித்தால் குழி விழுவதும், துணி அடுக்கிய தட்டு நடுவில் தொய்வதும் இதனால்தான்.

இன்னொன்று, வெல்டிங். தகடு 1 மி.மீ.க்குக் கீழே போகப் போக சாதாரண ராடு வெல்டிங்கில் ஓட்டை விழும். ஓட்டை விழாமல் இருக்க வேண்டும் என்று பயந்து பயந்து தொட்டு வைத்தால் பற்றாசு உறுதியாக இருக்காது. பிறகு துரு. துரு எல்லாத் தகட்டையும் தின்னும். தடித்த தகட்டில் தின்று முடிக்கக் காலம் பிடிக்கும், மெல்லியதில் சீக்கிரம் பொத்துவிடும். காயல்பட்டினம், கீழக்கரை, நாகூர் மாதிரி உப்புக் காற்று அடிக்கும் கடலோர ஊர்களில் இருப்பவர்களுக்கு இதை நாங்கள் சொல்லித் தர வேண்டியதில்லை.

தேக்சா வாங்கத் தெரிந்தவர்களுக்கு இது புதிதல்ல

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறோம். தடிமனை எப்படிச் சோதிப்பது?

தாய்மார்களே, பிரியாணி தேக்சா வாங்கும்போது என்ன செய்கிறீர்கள்? கையில் தூக்கிப் பார்க்கிறீர்கள். தராசில் போடச் சொல்கிறீர்கள். ஒரே வாய் அகலம், ஒரே உயரம் உள்ள இரண்டு தேக்சாக்களில் எடை கூடியது எதுவோ அதுதான் தடித்தது, அதில்தான் அடி பிடிக்காது என்று உங்களுக்குத் தெரியும். எவர்சில்வர் பாத்திரமும் எடைக்குத்தான் வாங்குகிறீர்கள். அளவு ஒன்றாக இருந்தால் எடைதான் தடிமனைச் சொல்லும். இந்த ஞானம் உங்களிடம் ஏற்கெனவே இருக்கிறது. அதை அடுப்படியில் இருந்து வாசல் கேட் வரைக்கும் கொண்டு வாருங்கள் என்பதுதான் எங்கள் வேண்டுகோள்.

இரும்புக்கு ஒரு நிலையான கணக்கு உண்டு. 1 சதுர மீட்டர் அகலம், 1 மி.மீ. தடிமன் உள்ள இரும்புத் தகடு 7.85 கிலோ. நம் வழக்கப்படி சதுர அடியில் சொன்னால், 1 சதுர அடி, 1 மி.மீ. தடிமன் என்றால் 0.73 கிலோ. இந்த ஓர் எண்ணை மட்டும் மனப்பாடம் செய்யுங்கள்: 0.73.

நீளம் எத்தனை அடி, அகலம் எத்தனை அடி, தடிமன் எத்தனை மி.மீ. மூன்றையும் பெருக்கி, அதை 0.73ஆல் பெருக்கினால் கிலோ வந்துவிடும். எட்டுக்கு நாலு அடித் தகட்டை எடுத்துக்கொள்ளுங்கள், 32 சதுர அடி. அதன் எடை:

1.6 மி.மீ. என்றால் சுமார் 37 கிலோ
1.2 மி.மீ. என்றால் சுமார் 28 கிலோ
0.9 மி.மீ. என்றால் சுமார் 21 கிலோ
0.7 மி.மீ. என்றால் சுமார் 16 கிலோ

இதையே திருப்பியும் போடலாம். ‘20 கேஜ்’ என்று சொல்லி வந்த எட்டுக்கு நாலு தகடு தராசில் 18.7 கிலோ காட்டுகிறது என்று வையுங்கள். 18.7ஐ 32ஆல் வகுங்கள், பிறகு 0.73ஆல் வகுங்கள். 0.8 மி.மீ. வரும். 0.9 என்று பேசியிருந்தால், தகட்டுக்கு இரண்டு கிலோவுக்கு மேல் குறைகிறது என்று உடனே தெரிந்துவிடும். கைப்பேசியில் இருக்கும் கால்குலேட்டர் போதும், எஞ்சினியர் தேவையில்லை.

பீரோவுக்கு வருவோம். ஆறரை அடி உயரம், மூன்று அடி அகலம், ஒன்றரை அடி ஆழம் உள்ள பீரோ. முன்னும் பின்னும் 39 சதுர அடி. இரண்டு பக்கமும் 19½. மேலும் கீழும் 9. உள்ளே நான்கு தட்டு 18. மொத்தம் 85½ சதுர அடி. முழுவதும் 0.9 மி.மீ. தகடு என்றால் 56 கிலோவாவது இருக்க வேண்டும். 0.7 என்றால் 44 கிலோ பக்கம் வரும். மடிப்புகள், உள் லாக்கர், பூட்டு எல்லாம் சேர்ந்தால் இந்தக் கணக்கைவிட எடை கூடுமே தவிரக் குறையாது. ‘முழுக்க 20 கேஜ்’ என்று சொல்லும் இந்த அளவு பீரோ 50 கிலோவுக்குக் கீழே நின்றால், சொன்னது ஒன்று, கொடுத்தது வேறு என்று அர்த்தம்.

பீரோவைத் தராசில் ஏற்ற முடியாதே என்பீர்கள். ஒரு தட்டைக் கழற்றி நிறுங்கள். மூன்றுக்கு ஒன்றரை அடித் தட்டு, நான்கு ஓரமும் ஓர் அங்குலம் மடித்தது என்றால், மடிப்பையும் சேர்த்து ஐந்தே கால் சதுர அடி வரும். 0.9 மி.மீ. என்றால் அது ஏறத்தாழ மூன்றரை கிலோ. 0.7 என்றால் இரண்டே முக்கால்கூட வராது. மளிகைக் கடைத் தராசு இதற்குப் போதும். ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம். கதவுக்கு ஒரு தடிமன், முதுகுக்கும் தட்டுக்கும் வேறு தடிமன் போடுவது வழக்கத்தில் உள்ளதுதான், அதில் தவறும் இல்லை. எதற்கு எது என்று முன்கூட்டியே தனித்தனியாகச் சொல்ல வேண்டும், அவ்வளவே.

குழாய்க்கும் இதே கதைதான். கிரிலுக்கும் கேட்டுக்கும் போடும் ஓரங்குலச் சதுரக் குழாய் 6 மீட்டர் நீளம் வரும். 2 மி.மீ. தடிமன் என்றால் ஒரு குழாய் சுமார் எட்டரை கிலோ. 1.6 என்றால் சுமார் 7 கிலோ. 1.2 என்றால் சுமார் ஐந்தேகால் கிலோ. வெளியில் இருந்து பார்த்தால் மூன்றும் ஒரே மாதிரி, அதே ஓரங்குலம். வித்தியாசம் உள்ளே இருக்கிறது, தராசுக்கு மட்டும்தான் அது தெரியும்.

கருவியால் அளக்கும்போது கவனிக்க வேண்டியவை

மைக்ரோமீட்டரோ டிஜிட்டல் வெர்னியரோ வைத்து நேராகவே அளக்கலாம். அதில் மூன்று இடத்தில் ஏமாற வாய்ப்பு உண்டு.

ஒன்று, பெயிண்ட். பவுடர் கோட்டிங் ஒரு பக்கத்துக்கு 0.06 முதல் 0.08 மி.மீ. வரை இருக்கும். இரண்டு பக்கமும் சேர்த்தால் 0.12 முதல் 0.16 வரை. அதாவது 0.7 மி.மீ. தகடு, பெயிண்ட் அடித்த பிறகு 0.85 பக்கம் காட்டும். ‘கிட்டத்தட்ட 0.9தான்’ என்று நம்பிவிடுவீர்கள். ஆகவே பெயிண்ட் அடிக்கும் முன் அளக்க வேண்டும். ஆயத்தமாகச் செய்து வைத்த சாமான் என்றால் பெயிண்ட் தடிமனைக் கழித்துப் பார்க்க வேண்டும்.

இரண்டு, ஓரம். கதவு ஓரத்தைக் கை கிழிக்காமல் இருக்க மடித்து அடித்திருப்பார்கள். அங்கே அளந்தால் இரண்டு தகடும் சேர்ந்து காட்டும். வெட்டிய ஓரத்தில் பிசிறு நிற்கும், அதுவும் கூட்டிக் காட்டும். ஓரத்தில் இருந்து ஓரங்குலம் உள்ளே தள்ளி, ஒற்றைத் தகடாக இருக்கும் இடத்தில் அளப்பதே சரி.

மூன்று, வட்டமான கேஜ் தட்டு. சுற்றிலும் வெட்டுக்கள் இருக்கும், ஒவ்வொரு வெட்டின் உள்முனையிலும் ஒரு வட்டத் துளை இருக்கும். தகட்டை அந்தக் குறுகிய வெட்டில் நுழைத்துப் பார்க்க வேண்டும், துளையில் பார்க்கக் கூடாது. துளை, தகடு எளிதாக வெளியே வருவதற்கு மட்டும்தான். தட்டு எந்தப் பட்டியலுக்கு உரியது என்பதையும் அதிலேயே பொறித்திருப்பார்கள், படித்துப் பாருங்கள்.

ஒரு நியாயமும் சொல்ல வேண்டும். ஆலையில் இருந்து வரும் தகட்டிலேயே கொஞ்சம் ஏற்றத்தாழ்வு அனுமதிக்கப்பட்டிருக்கிறது. 0.9 என்று வாங்கியது 0.87 காட்டினால் பட்டறைக்காரருடன் சண்டைக்குப் போகாதீர்கள். 0.7 காட்டினால் கேளுங்கள்.

கூரைத் தகடு

மொட்டை மாடியில் போடும் கலர் ஷீட்டில் இன்னொரு நுணுக்கம் இருக்கிறது. தகட்டின் மேல் துத்தநாகப் பூச்சு, அதன் மேல் பெயிண்ட். ‘0.50 மி.மீ.’ என்று அச்சிட்டிருப்பது பூச்சு எல்லாம் சேர்த்த மொத்தத் தடிமனா, உள்ளே இருக்கும் இரும்பின் தடிமனா? இதைக் கட்டாயம் கேட்க வேண்டும். சதுர மீட்டருக்கு 275 கிராம் துத்தநாகம் என்றால் இரு பக்கமும் சேர்த்துப் பூச்சே 0.04 மி.மீ. வரும். மொத்தம் 0.50 என்றால் இரும்பு 0.46. பெயிண்டையும் சேர்த்து அளந்த 0.50 என்றால் இரும்பு இன்னும் குறையும். காற்றைத் தாங்குவதும், மேலே ஏறிய ஆளைத் தாங்குவதும் அந்த இரும்புதான்.

ஆனால் துருவைத் தாங்குவது பூச்சு. அதனால் கூரைக்கு இரண்டு எண் கேட்க வேண்டும். இரும்பின் தடிமன் எத்தனை மி.மீ., பூச்சு சதுர மீட்டருக்கு எத்தனை கிராம். ஜி.ஐ. தகட்டுக்கான ஐ.எஸ். 277 என்ற இந்தியத் தரநிலையில் 120, 180, 275 என்று பல பூச்சு அளவுகள் உண்டு. 120ம் 275ம் பார்வைக்கு ஒரே பளபளப்புத்தான். கடலோரத்தில் வீடு என்றால், தடிமனை மட்டும் கூட்டிவிட்டுப் பூச்சில் குறைத்தால் பயன் இல்லை.

சதுர அடிக் கணக்கா, கிலோக் கணக்கா?

பட்டறையில் இரண்டு விதமாகக் கூலி பேசுவார்கள். சதுர அடிக்கு இவ்வளவு என்று பேசினால், தகட்டை மெலிக்க மெலிக்கச் செய்பவருக்கு லாபம். கிலோவுக்கு இவ்வளவு என்று பேசினால், இரும்பை ஏற்ற ஏற்ற அவருக்கு லாபம். தேவையில்லாத இடத்தில் பட்டையும் ஆங்கிளும் கூடுதலாக வந்து உட்காரும். எங்கள் தொழிலில் உள்ள சபலத்தை நாங்களே சொல்கிறோம். இரண்டுக்கும் மருந்து ஒன்றுதான். முதலில் தடிமனையும் எடையையும் எழுத்தில் வாங்குங்கள், பிறகு எந்தக் கணக்கில் பேசினாலும் சரி.

வாங்க வேண்டிய சீட்டு இப்படி இருக்கட்டும்: “கேட் ஃபிரேம் 40க்கு 40 சதுரக் குழாய், 2 மி.மீ. தகடு 1.2 மி.மீ. தடிமன் பெயிண்ட் அடிக்கும் முன் அளந்தது. கேட்டின் உத்தேச எடை இத்தனை கிலோ.” மூன்றே வரி. எழுதித் தர மறுப்பவரிடம் முன்பணம் கொடுக்காதீர்கள். வேலை முடிந்ததும், பெயிண்ட் அடிப்பதற்கு முன் ஒரு முறை பட்டறைக்குப் போய்ப் பாருங்கள். பெரிய வேலை என்றால், வண்டியில் ஏற்றிக் கொண்டுவரும் வழியில் எடை மேடையில் நிறுத்தி ஒரு சீட்டு எடுங்கள். அந்தச் செலவு சொற்பம்.

எல்லா இடத்துக்கும் தடித்த தகடுதான் வேண்டும் என்று நாங்கள் சொல்லவில்லை. பீரோவின் முதுகுக்குக் கதவின் தடிமன் தேவையில்லை. சன்னமான தகட்டிலும் சரியான இடத்தில் ஒரு மடிப்போ வரியோ கொடுத்தால் நல்ல விறைப்பு வரும், நல்ல கைவேலைக்காரர் அதைச் செய்வார். கேட்டை அளவுக்கு மீறிக் கனமாக்கினால் கீல் தொங்கிவிடும், தூணும் தாங்காது. கொடுத்த காசுக்கு, பேசிய இரும்பு வந்ததா என்பதுதான் கேள்வி.

இளைஞர்களுக்கு

வெல்டிங், ஃபேப்ரிகேஷன், ஏ.சி. டக்ட் வேலை கற்று வளைகுடாவுக்குப் போக நினைக்கும் தம்பிகளே! அங்கே ஒரு வரைபடத்தில் மில்லிமீட்டர் இருக்கும், இன்னொன்றில் கேஜ் இருக்கும். டக்ட் வேலையில் 24 கேஜ் ஜி.ஐ. என்று பார்த்தால், ஊர் வழக்கப்படி 0.56 மி.மீ. என்று எடுத்துவிடாதீர்கள். அமெரிக்க முறையில் போட்ட வரைபடம் என்றால் அது 0.70. எந்தப் பட்டியல் என்று போர்மேனிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு வெட்டுங்கள். கேட்பதில் குறைவு ஒன்றும் இல்லை. வெட்டிய தகட்டை ஒட்ட வைக்க முடியாது. கேஜும் மில்லிமீட்டரும் எடையும் மூன்றும் தெரிந்த ஆளை யாரும் ஹெல்பராகவே வைத்திருக்க மாட்டார்கள்.

சட்டைப் பையில் ஒரு சிறு வெர்னியர் வையுங்கள். ஒவ்வொரு தகட்டையும் அளந்து பார்த்துவிட்டு, அதை விரலாலும் தொட்டுப் பாருங்கள். ஆறு மாதத்தில் விரலே சொல்லும். ஆனால் விரல் சொன்னதைக் கருவியால் சரிபார்க்கும் பழக்கத்தை எந்த வயதிலும் விடாதீர்கள்.

தொழில் செய்யும் சகோதரர்களுக்கு

அளவிலும் நிறுவையிலும் குறைப்பவர்களைப் பற்றியே, அவர்கள் பெயரில், நம் மறையில் ஓர் அத்தியாயம் இருக்கிறது. மளிகைக் கடைத் தராசைப் பற்றி மட்டும் அது பேசுவதாக நாம் நினைத்துக்கொள்ளக் கூடாது. பெயிண்டுக்கு அடியில் மறையும் தகட்டின் தடிமனும் ஓர் அளவுதான். வாங்குபவர் கண்ணுக்குத் தெரியாத இடத்தில்தான் நம் அமானிதம் சோதிக்கப்படுகிறது. போட்டிக்காக விலையைக் குறைக்க வேண்டிய நிலை வந்தால், “இந்த விலைக்கு 0.7 மி.மீ.தான் கட்டும்” என்று சொல்லிவிடுங்கள். கேட்டுக்கொண்டு வாங்குபவர் வாங்கட்டும். சொல்லிக் குறைப்பது வியாபாரம், சொல்லாமல் குறைப்பது அடுத்தவர் காசு.

வாங்கியவர்கள் பக்கத்தில், பேசியதும் வந்ததும் வேறு வேறாக இருந்தால், முதலில் அவரிடமே எழுதிய சீட்டையும் எடைச் சீட்டையும் வைத்துப் பேசுங்கள். பெரும்பாலான விஷயம் அங்கேயே முடியும். முடியாவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915 இருக்கிறது. மாவட்ட நுகர்வோர் ஆணையமும் இருக்கிறது. எடையளவுப் புகார்களைத் தமிழ்நாட்டில் தொழிலாளர் துறை பார்க்கிறது. எங்கே போனாலும் முதலில் கேட்பது பில்லைத்தான். ‘20 கேஜ்’ என்ற இரண்டு சொல்லை வைத்துக்கொண்டு வாதாடுவது கடினம். ‘0.9 மி.மீ.’ என்று எழுதிய காகிதம் உங்களுக்காகத் தானே பேசும்.

வீட்டுக்குப் போனதும் நான்கு விஷயத்தைக் குறித்து வையுங்கள். கேஜ் எண் கூடினால் தகடு மெலியும். தடிமனை மில்லிமீட்டரில், பெயிண்டுக்கு முந்தைய அளவாக எழுதி வாங்க வேண்டும். கூரைக்குப் பூச்சின் கிராமையும் கேட்க வேண்டும். சந்தேகம் வந்தால் சதுர அடியை மி.மீ.ஆல் பெருக்கி, 0.73ஆல் பெருக்கி, தராசில் சரிபார்க்க வேண்டும்.

வாராவாரம் நடக்கும் நம் டிரஸ்ட்டின் தொழிற்பயிற்சி வகுப்புக்கு ஒரு வெர்னியரும் கேஜ் தட்டும் வைத்திருக்கிறோம். வீடு கட்டுபவர்கள், சாமான் வாங்கப் போகிறவர்கள் யாராக இருந்தாலும் வந்து பிடித்துப் பார்க்கலாம், கணக்குப் போடவும் கற்றுத் தருகிறோம், இன்ஷா அல்லாஹ். தாய்மார்களும் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு தாராளமாக வரலாம்.

நம் உழைப்பின் காசு உரிய பொருளாக நம் வீடு வந்து சேரவும், நம் கைவேலை பிறருக்கு நம்பிக்கையாக அமையவும் வல்ல இறைவன் அருள்புரிவானாக. வஸ்ஸலாம்.